ஐயா விட்டுட்டுப் போன ரெட்டைக்குழல்: நம்ம கடக்கரை வீடுகள்ல துப்பாக்கி இருந்தா என்ன செய்யணும்

எங்க ஊரு ராமநாதபுரம் மாவட்டம் சாயல்குடிக்குக் கிழக்க, கடலுக்கு மூணு கிலோமீட்டர்கூட வராது. ஐயா, அதாவது எங்க அப்பாவோட அப்பா, தவறி ஒன்றரை வருசம் கழிச்சு மழைக்கு ஓடு மாத்தலாம்னு பரணைக் காலி பண்ணப்பதான் அது கையில மாட்டுச்சு. பழைய வேட்டியில சுத்தி, பனையோலைப் பாய்க்குள்ள வச்சு, கயிறு போட்டுக் கட்டியிருந்த 12 போர் (போர்னா குழல் துவாரத்தோட அளவு) ரெட்டைக்குழல் துப்பாக்கி. வீட்டுல துப்பாக்கி இருக்குன்னு எல்லாருக்கும் தெரியும், வருசா வருசம் ஆயுத பூசைக்கு அப்பத்தா அதை எடுத்து சந்தனம் குங்குமம் வச்சு திரும்ப மேல ஏத்திருவாக, அவ்வளவுதான், அதுக்கு மேல யாரும் அதை நினைச்சதே இல்ல. கூடவே ஒரு பிஸ்கட் டப்பாவுல லைசென்ஸ் புக்கும் பதினொரு தோட்டாவும். லைசென்ஸ் முடிஞ்சு மூணு வருசம் ஆயிருந்துச்சு. பக்கத்துல நின்ன மச்சான் ஒருத்தரு கேட்டாரு, "மாப்ள, இது இப்ப யாரு பேர்ல இருக்கு?"னு. யாருக்கும் பதில் தெரியல.

அந்தக் கேள்வியில ஆரம்பிச்சு எல்லாம் முடிய பதினாலு மாசம் ஆச்சு. அந்தப் பதினாலு மாசத்துல கத்துக்கிட்டதைத்தான் எழுதுறேன், ஏன்னா நம்ம கடக்கரைல, கமுதி முதுகுளத்தூர் கடலாடி பக்கம்லாம் இந்த மாதிரி பரண்ல தூங்குற துப்பாக்கி நெறைய வீட்டுல இருக்கு, அதை வச்சிருக்கிறவுகளுக்கு அது குத்தம்னே தெரியாது.

முதல்ல இதைப் புரிஞ்சுக்கங்க. நிலம் மாதிரி, நகை மாதிரி, துப்பாக்கி தானா வாரிசுக்கு வராது. சொத்துங்கிற முறையில அது உங்களுக்குச் சேரும், சரி, ஆனா அதைக் கையில வச்சிருக்கிற உரிமை லைசென்ஸ்ல பேரு இருக்கிற ஆளோட முடிஞ்சுபோகுது. 1959 ஆயுதச் சட்டம் 21-வது பிரிவு என்ன சொல்லுதுன்னா, லைசென்ஸ் முடிஞ்சாலோ ரத்தானாலோ வேற எந்தக் காரணத்தால வச்சிருக்கிறது சட்டப்படி செல்லாம போனாலோ, வீணா தாமதிக்காம பக்கத்துப் போலீஸ் ஸ்டேஷன்லயோ லைசென்ஸ் உள்ள ஆயுத டீலர்கிட்டயோ ஒப்படைச்சிரணும். லைசென்ஸ் இல்லாம சாதாரணத் துப்பாக்கி வச்சிருந்தாலே 2019 திருத்தத்துக்கு அப்பறம் குறைஞ்சது 2 வருசம், அதிகபட்சம் 5 வருசம் ஜெயில், கூட அபராதம். "எங்க தாத்தாவோடது சார், நாங்க தொட்டதே இல்ல"ன்னு சொன்னா இரக்கப்படலாம், ஆனா சட்டத்துல அதுக்குன்னு ஒரு சலுகையும் கிடையாது.

அதனால லைசென்ஸ் மாத்துறதா, விக்கிறதா, அரசாங்கத்துக்கே குடுத்துர்றதாங்கிற யோசனைய எல்லாம் அப்பறம் வச்சுக்கங்க, முதல் வேலை ஒப்படைக்கிறது. அதையும் பைக்ல தோள்ல மாட்டிக்கிட்டுப் போயிராதீங்க. ஸ்டேஷனுக்குப் போன் போட்டு, இன்னார் வீடு, இன்ன துப்பாக்கி, லைசென்ஸ்காரரு தவறிட்டாக, ஒப்படைக்கணும்னு முன்கூட்டியே சொல்லுங்க. அவுகளே ஆள் அனுப்புனா ரொம்ப நல்லது. கொண்டு வரச் சொன்னா கார்ல, குழல்ல தோட்டா இல்லைன்னு ரெண்டு தடவ பாத்துட்டு, துணியில சுத்தி, தோட்டாவைத் தனி டப்பாவுல போட்டு, வெவரம் தெரிஞ்ச இன்னொருத்தரைக் கூட்டிக்கிட்டுப் போங்க. இறப்புச் சான்றிதழ், லைசென்ஸ் புக்கு, உங்க ஆதார் கையில இருக்கணும்.

ரசீது விசயத்துலதான் நாங்க கோட்டை விட்டோம், அதைக் கொஞ்சம் விரிவா சொல்றேன். எங்ககிட்ட வாங்குன ஸ்டேஷன்ல "ரெட்டைக்குழல் துப்பாக்கி ஒண்ணு, தோட்டா பதினொண்ணு"ன்னு மட்டும் எழுதிக் குடுத்தாக, நாங்களும் சரின்னு மடிச்சு பையில வச்சுக்கிட்டு வந்துட்டோம். ஆறு மாசம் கழிச்சு கலெக்டர் ஆபீஸ்ல ஆயுத எண் என்னன்னு கேட்டா ரசீதுல இல்ல, லைசென்ஸ் புக்குல ஈரம் பட்டு கடைசி எழுத்து 3-ஆ 8-ஆன்னு தெரியல, ஸ்டேஷன்ல போயி நேர்ல பாத்தா உப்புக்காத்து அடிச்சு அடிச்சு நம்பர் இருக்கிற இடம் முழுக்க செந்துரு. குழலை மடக்கித் தொறந்து கழட்டுனா அடியில தட்டையா ஒரு இடம் இருக்கும், அங்கதான் நம்பர் வெட்டியிருப்பாங்க, மண்ணெண்ணெய் தொட்டு பழைய பல்லு பிரஷ்ஷால மெதுவா தேச்சுத் தேச்சு, டார்ச்சை சாய்வா அடிச்சுப் பாத்தப்பதான் அது 8-ன்னு தெரிஞ்சுச்சு. அந்த ஒரு எண்ணுக்காக ரெண்டு மாசம் அலைஞ்சோம். அதனால ஒப்படைக்கப் போறதுக்கு முன்னாடியே நம்பரைப் பாத்து எழுதி போட்டோவும் எடுத்து வச்சுக்கங்க, மனுவை ரெண்டு காப்பி எழுதுங்க, அதுல துப்பாக்கி வகை, போர், கம்பெனி, ஆயுத எண், தோட்டா எத்தனை, எல்லாம் இருக்கட்டும், ரெண்டாவது காப்பில சீல், கையெழுத்து, தேதி வாங்காம ஸ்டேஷன் படியை விட்டு இறங்காதீங்க. துப்பாக்கி எந்த நெலமைல இருக்குங்கிறதையும் ஒரு வரி எழுதிருங்க, திரும்ப வாங்கறப்ப கட்டை ஒடஞ்சிருந்தா பேச்சு வராது.

இதுக்கப்பறம்தான் வாரிசு லைசென்ஸ். எல்லாரும் கலெக்டர் மனசு வச்சா ஆச்சு இல்லாட்டி இல்லைன்னு நினைக்கிறாக, அப்படி இல்ல, 2016 ஆயுத விதிகள்ல 25-வது விதி இதுக்குன்னே இருக்கு. லைசென்ஸ்காரரு இறந்துட்டா வாரிசு விண்ணப்பிக்கலாம். அவரு உசுரோட இருக்கப்பவே மாத்தவும் வழி இருக்கு, வயசு 70 ஆகியிருக்கணும் இல்லாட்டி அந்தத் துப்பாக்கியை 25 வருசம் வச்சிருந்திருக்கணும், ரெண்டுல எது முதல்ல வருதோ அப்ப அவரே ஒரு வாரிசைக் காட்டி மாத்திக் குடுக்கலாம். இது தெரிஞ்சிருந்தா எங்க ஐயா காலத்துலயே முடிச்சிருப்போம். உங்க வீட்டுல பெரியவுக இருந்தா இந்த மாசமே பேசுங்க, அவுக கையெழுத்து ஒண்ணு இருந்தா பின்னாடி பத்துப் பேரு கையெழுத்துக்கு அலைய வேணாம்.

இறந்த பெறகுன்னா தாசில்தார்கிட்ட வாரிசு சான்றிதழ் வாங்கணும், அதுல பேரு இருக்கிற மத்த வாரிசுக எல்லாரும் ஆட்சேபணை இல்லைன்னு எழுதிக் குடுக்கணும், துப்பாக்கி விவரம் லைசென்ஸ் விவரம் எல்லாம் போட்டு ஒரு உறுதிப் பத்திரம் நோட்டரில போட்டுக் குடுக்கணும். எங்க பெரிய அயித்தை திருப்பூர்ல, சின்ன அயித்தை சிங்கப்பூர்ல. இதுல ஒரு குடும்பச் சண்டையும் வந்துச்சு, ஐயா சொத்துல அது மட்டும் ஏன் அண்ணனுக்குன்னு. கடைசில அப்பத்தாதான், வயலைப் பாக்குறவன் எவனோ அவன் கையில இருக்கட்டும்னு சொல்லி முடிச்சாக, அப்படித்தான் எங்க பெரியப்பா பேர்ல போட்டோம். ஓடி ஆடிப் பேப்பர் பாத்தது நான். இந்தப் பேச்சை எல்லாம் விண்ணப்பம் போடுறதுக்கு முன்னாடியே வீட்டுக்குள்ள பேசி முடிச்சுக்கங்க, ஒரு வாரிசு மொரண்டு புடிச்சாலும் ஃபைல் நின்னுபோகும்.

விண்ணப்பம் ஏ-1 படிவம், இப்ப எல்லாம் ஆன்லைன்ல ஏத்தி அதோட பிரிண்ட்டைத்தான் பட்டணங்காத்தான்ல இருக்கிற கலெக்டர் ஆபீஸ்ல குடுக்கணும். அடையாளம், முகவரி, போட்டோ, டாக்டர் சர்டிபிகேட், துப்பாக்கியைப் பத்திரமா கையாளவும் வைக்கவும் தெரியும்ங்கிறதுக்குப் பயிற்சிச் சான்று, இதெல்லாம் கேப்பாக. வயசு 21 முடிஞ்சிருக்கணும். அப்பறம் ஸ்டேஷன்ல இருந்து விசாரிக்க வருவாக, கேஸ் ஏதும் இருக்கா, குடி உண்டா, அக்கம்பக்கத்துல பகை உண்டான்னு. ஒண்ணு கவனிங்க, சொத்து பத்தலைங்கிற ஒரே காரணத்தைச் சொல்லி லைசென்ஸ் மறுக்கக்கூடாதுன்னு சட்டத்துலயே 14-வது பிரிவுல இருக்கு, கால் காணி வச்சிருக்கிறவரும் கேக்கலாம். மறுத்தா காரணத்தை எழுத்துல கேளுங்க, 18-வது பிரிவுல மேல்முறையீடு இருக்கு, அதுக்கு நாள் கணக்கு உண்டு, அதனால மனசு ஒடஞ்சு உக்காந்துராம உடனே வக்கீலைப் பாருங்க. லைசென்ஸ் கையில வந்ததும் யூஐஎன்னு ஒரு நம்பர் இருக்கான்னு பாருங்க, அது தேசியத் தரவுத்தளத்துல ஏறுன நம்பர், அது இல்லாத பழைய லைசென்ஸ் புக்கு இன்னைக்குச் செல்லாது. முன்ன 3 வருசத்துக்குக் குடுத்தாக, 2019-க்கு அப்பறம் 5 வருசம். முடியறதுக்கு ரெண்டு மாசம் முன்னாடியே புதுப்பிக்கக் குடுத்திருங்க.

அந்த 2019 திருத்தத்துல இன்னொண்ணு. முன்ன ஒரு ஆளு 3 துப்பாக்கி வச்சிருக்கலாம், இப்ப 2 தான், வாரிசா வந்ததும் இந்தக் கணக்குல சேரும். ஏற்கனவே ரெண்டு வச்சிருக்கிற ஒருத்தருக்கு மூணாவதா தாத்தாவோடதும் வேணும்னா நடக்காது, வேற வாரிசு பேர்ல போடணும் இல்லாட்டி ஒண்ணைக் கழிக்கணும்.

இப்ப எந்தத் துப்பாக்கி வச்சுக்கலாம் எது கூடாதுங்கிறதுக்கு வர்றேன், நம்ம பயலுக அதிகமா கேக்குறதே இதைத்தான். பேச்சு வழக்குல பிபி, என்பிபின்னு சொல்லுவாக, தடைசெய்த போர், தடையில்லாத போர். கலெக்டர் குடுக்க முடிஞ்சது தடையில்லாததுக்கு மட்டும்தான், மத்ததுக்கு டெல்லியில உள்துறை அமைச்சகம், அதுவும் தீவிரவாதிகளால உயிருக்கு நேரடி ஆபத்துங்கிற மாதிரி காரணம் இருக்கிறவுகளுக்கு, நம்ம மாதிரி ஆளுகளுக்கு அந்தப் பேச்சே இல்ல. ரைஃபிள்ல .22 ரிம்ஃபயர், .315, .30-06 ஸ்பிரிங்ஃபீல்டு இதெல்லாம் தடையில்லாத பக்கம், .315 நம்ம அரசு ஆயுதத் தொழிற்சாலையிலேயே செய்யறதுதான். .303, 7.62 எம்எம், இல்ல அந்த ராணுவத் தோட்டா உள்ள போயி வெடிக்கிற எந்த ரைஃபிளும் தடை, அது ஒவ்வொரு தடவையும் கையால தாழ்ப்பாளை இழுத்துத் தோட்டா ஏத்துற போல்ட் ஆக்‌ஷனா இருந்தாலும் தடை. பழைய நாள்ல போலீஸ்காரவுக தோள்ல தொங்குன .410 மஸ்கட்டும் அதே கணக்கு. ஒவ்வொரு தடவ விசையை அமுக்குறப்பவும் ஒண்ணு சுட்டு அடுத்த தோட்டாவைத் தானா ஏத்திக்கிற செமி ஆட்டோமேட்டிக் ரைஃபிள் தடை. விசையை அமுக்குனா நிறுத்துற வரைக்கும் சுட்டுக்கிட்டே இருக்கிற முழு ஆட்டோமேட்டிக்கைப் பத்திச் சொல்லவே வேணாம், தடைசெய்த ஆயுதம் வச்சிருந்தா 7 வருசத்துல இருந்து 14 வருசம். ஷாட் கன், அதாவது ரவை போட்டுச் சுடுற 12 போர் ஒத்தக்குழல் ரெட்டைக்குழல், அதுல குழல் நீளம் 20 இஞ்சுக்குக் குறையக்கூடாது. குழலை அறுத்துக் குட்டையாக்குறது அதுவே தனிக் குத்தம், தூக்க எளிசா இருக்கும்னு லேத்துல குடுத்து அறுத்துராதீங்க.

.315-க்கும் .303-க்கும் ஒரு மில்லிமீட்டருக்கும் கொறஞ்ச வித்தியாசம்தான், அதுல ஒண்ணு கலெக்டர் கையிலயும் ஒண்ணு டெல்லி கையிலயும் இருக்குங்கிறது பலருக்கு ஆச்சரியமா இருக்கும். காரணம் நேரானது, ராணுவமும் போலீசும் பயன்படுத்துன தோட்டா வெளிய திருடுபோனா அது பொருந்துற துப்பாக்கி ஊருக்குள்ள இருக்கக்கூடாது. அதுக்குத்தான் போரை வச்சு கோடு போட்டாக, துப்பாக்கி எவ்வளவு பெருசு, எவ்வளவு தூரம் சுடும்ங்கிறதை வச்சு இல்ல.

வாய் வழியா கரிமருந்து கெட்டிக்கிற நாட்டுத் துப்பாக்கிக்கு லைசென்ஸ் வேணாம்னு நம்ம பக்கம் ஒரு நம்பிக்கை இருக்கு, அது சுத்தத் தப்பு. அதுவும் சட்டத்துக்கு முன்னாடி துப்பாக்கிதான். சேதுபதி காலத்துதுன்னு சில பெரிய வீட்டுச் சுவர்ல தொங்குதே, அந்த மாதிரி பழசுக்கு 45-வது பிரிவுல விலக்கு இருக்கு, ஆனா அது துப்பாக்கியா பயன்படவே முடியாததா இருக்கணும், ரிப்பேர் பண்ணாக்கூட சுடாதுங்கிற நெலமைல இருக்கணும். அதை நாமளே முடிவு பண்ணிக்கக்கூடாது, எழுதிக் குடுத்து பாக்கச் சொல்லி பதில் வாங்கி வச்சுக்கங்க.

லைசென்ஸே இல்லாத நாட்டுத் துப்பாக்கி வீட்டுல கெடந்தா? தயவு செஞ்சு கடல்ல போடாதீங்க, கெணத்துல போடாதீங்க, பொதைக்காதீங்க, தெரிஞ்சவர்கிட்ட ஆயிரம் ரெண்டாயிரத்துக்கு வித்துராதீங்க, விக்கிறது வச்சிருக்கிறதை விட பல மடங்கு பெரிய குத்தம், 7 வருசத்துல ஆரம்பிச்சு ஆயுள் வரைக்கும் போகும். முதல்ல ஒரு வக்கீலைப் பாத்து, அவரு மூலமா எழுத்துல ஒப்படைங்க. பயமாத்தான் இருக்கும், ஆனா தானா போயி ஒப்படைக்கிறதுக்கும் சோதனைல புடிபடுறதுக்கும் வானத்துக்கும் பூமிக்கும் உள்ள தூரம். அதுவும் இது கடலோர மாவட்டம், அந்தப் பக்கம் இலங்கை, கடலோரப் பாதுகாப்புக் குழுமம், கோஸ்ட் கார்டு, கஸ்டம்ஸ், போலீஸோட உளவுப் பிரிவான கியூ பிராஞ்ச்னு நாலு கண்ணு எப்பவும் இருக்கு, சும்மா கெடந்த நாட்டுத் துப்பாக்கிகூட இங்க வேற மாதிரிக் கேள்வி கேக்க வைக்கும்.

வெளிநாட்டுல இருக்கிற நம்ம ஆளுகளுக்கு ஒரு வார்த்தை. அமெரிக்காவுல இருக்கிற எங்க சித்தப்பா மகன், இங்க கடையிலயே ஏஆர்-15ங்கிற செமி ஆட்டோமேட்டிக் ரைஃபிள் தொங்குது, நீங்க ஒரு ரெட்டைக்குழலுக்கு இந்தப் பாடுபடுறீங்களேன்னு கேட்டான். அங்க மாநிலத்துக்கு மாநிலம் வேற. டெக்சாஸ்ல அந்த ரைஃபிளுக்கு மாநிலத் தடை இல்ல, கலிபோர்னியா 1989-லயே சட்டம் போட்டு அந்த வகையைத் தடுத்துச்சு, நியூயார்க் 2013-ல இறுக்குச்சு, இலினாயும் வாஷிங்டன் மாநிலமும் 2023-ல விக்கிறதைத் தடுத்தாங்க. நாடு முழுக்க இருந்த தடை 1994-ல வந்து 2004-ல காலாவதியாயிருச்சு. ஆனா அவன் தெரிஞ்சுக்காத விசயம் ஒண்ணு, ஹெச்-1பி (வேலை), எஃப்-1 (படிப்பு) மாதிரி தற்காலிக விசாவுல இருக்கிறவுக துப்பாக்கியோ தோட்டாவோ வச்சிருக்கிறதே அந்த நாட்டு மத்தியச் சட்டப்படி குத்தம், வேட்டை லைசென்ஸ் மாதிரி சில விலக்குத்தான் உண்டு. கடையில ஆசைக்குக்கூட வாங்கிராதீங்க தம்பிகளா, விசாவே போயிரும். ஊருக்கு வர்றப்ப நினைவுக்குன்னு ஒரு தோட்டாவைப் பையில போட்டுக்கிட்டு வந்தா ஏர்போர்ட்லயே புடிச்சிருவாக, உசுருள்ள தோட்டா ஒண்ணுக்கும் இங்க லைசென்ஸ் வேணும்.

சரி, வயலுக்கு வருவோம். எங்க பெரியப்பா முண்டு வத்தல், அதாவது குண்டு மிளகாய் போடுறவுக. சீமைக்கருவைக்குள்ள பகல்ல படுத்துக் கெடக்கிற காட்டுப்பன்னி ராத்திரி எறங்குனா விடியறதுக்குள்ள அரை ஏக்கரு உழுது போட்ட மாதிரி ஆயிரும். சட்டத்துல பயிர்ப் பாதுகாப்புக்கு நல்ல இடம் இருக்கு, 13-வது பிரிவுல, உண்மையான பயிர்ப் பாதுகாப்புக்கு வாய்வழித் துப்பாக்கி கேட்டா லைசென்ஸ் குடுக்கணும்னே எழுதியிருக்கு, அது பத்தாதுன்னு அதிகாரிக்குத் திருப்தியானா வேற ரவைத் துப்பாக்கிக்கும் குடுக்கலாம். பாதுகாப்புக்கோ விளையாட்டுக்கோ 20 இஞ்சுக்குக் கொறையாத குழலுள்ள ரவைத் துப்பாக்கி கேட்டாலும் அப்படித்தான். ரைஃபிளோ ரிவால்வரோ கேட்டா தகுந்த காரணத்தை நாமதான் காட்டணும். அதனால விண்ணப்பத்துல ஆசைப்பட்டு ரைஃபிள்னு போட்டுட்டு அப்பறம் வருத்தப்படாதீங்க, நெசமா பயிருக்குத்தான்னா பட்டா, அடங்கல், பயிர் சேதம் ஆன போட்டோ, விஏஓகிட்ட குடுத்த மனு, எல்லாத்தையும் சேத்து வச்சு அந்த வகையிலயே கேளுங்க.

ஆனா லைசென்ஸ் இருக்குங்கிறதுக்காகப் பன்னியைச் சுட்டுற முடியாது. 1972 வன உயிரினப் பாதுகாப்புச் சட்டம் தனி. பன்னியைச் சுடுறது வனத்துறை வேலை, அதுவும் அரசு போட்ட நிபந்தனைப்படி. நாம சுடக்கூடாது, அவ்வளவுதான். மயிலு, மானு பக்கம் குழலையே திருப்பாதீங்க. கரண்டு வேலி போட்டு மனுசன் செத்த கதை நம்ம பக்கம் எத்தனை, அதையும் இரைக்குள்ள வெடிமருந்தை ஒளிச்சு வெடிகாய் வைக்கிறதையும் விட்டுட்டு நட்டத்துக்கு வனத்துறைல மனு போடுங்க.

இப்ப நம்ம கடக்கரைக்குன்னே உள்ள ஒரு விதி. இதைத் தெரியாமத்தான் எங்க ஃபைல் மறுபடியும் நின்னுச்சு. அதே வன உயிரினச் சட்டத்துல 34-வது பிரிவு, சரணாலயத்துல இருந்து 10 கிலோமீட்டருக்குள்ள குடியிருந்து துப்பாக்கி லைசென்ஸ் வச்சிருக்கிறவுக தலைமை வன உயிரினக் காப்பாளர்கிட்ட பேரைப் பதிவு பண்ணணும், அந்த 10 கிலோமீட்டருக்குள்ள புது லைசென்ஸ் குடுக்கணும்னா அவரோட முன் சம்மதம் வேணும். தேசியப் பூங்காவுக்கும் இது பொருந்தும். நமக்கு முன்னாடி கெடக்கிற மன்னார் வளைகுடா கடல் தேசியப் பூங்கா 1986-ல அறிவிச்சது, பாம்பன் குருசடைத் தீவுல ஆரம்பிச்சு தூத்துக்குடி வரைக்கும் 21 தீவு. மண்டபம், பெரியபட்டினம், கீழக்கரை, ஏர்வாடி, வாலிநோக்கம், மூக்கையூர்னு தெக்குக் கரை ஊருல இருந்து பாத்தா ஏதோ ஒரு தீவு பெரும்பாலும் அந்த 10 கிலோமீட்டருக்குள்ள வந்துரும். எங்க ஊரு கரையில இருந்து நல்லதண்ணித் தீவு பக்கம், அதைத்தான் வரைபடத்துல ஸ்கேல் வச்சு அளந்து காட்டுனாரு கிளர்க். உள்ள தள்ளி இருக்கிறவுகளும் தப்ப முடியாது, சித்திரங்குடி, காஞ்சிரங்குளம், மேலச்செல்வனூர் கீழச்செல்வனூர், தேர்த்தங்கல், சக்கரக்கோட்டைன்னு கண்மாய்க்குக் கண்மாய் பறவைச் சரணாலயம், ராமநாதபுரம் டவுனே சக்கரக்கோட்டைக்குப் பக்கத்துலதான். அதனால விண்ணப்பம் குடுக்கிறப்பவே உங்க வீடு எந்தச் சரணாலயத்துல இருந்து எவ்வளவு தூரம்னு பாத்து வனத்துறைக்கும் சேத்து ஒரு மனு போட்டுட்டா நாலஞ்சு மாசம் மிச்சம்.

சரணாலயத்துக்குள்ளயோ தீவுக்கோ வல்லத்துல துப்பாக்கியோட போறது லைசென்ஸ் இருந்தாலும் குத்தம். ஏர் கன்னும் இதுல ஆயுதம்தான். ஏர் கன்னைப் பத்திக் கேக்குறவுகளுக்கு: .177 போருக்கு மேல போகாம, சுடுற சக்தி 20 ஜூலுக்குள்ள இருந்தா லைசென்ஸ் வேணாம், திருவிழாவுல பலூன் சுடுறதுக்கு வச்சிருப்பாகளே அந்த மாதிரி. .22 ஏர் கன்னுன்னா லைசென்ஸ் வேணும், ஆன்லைன்ல விக்கிறவன் வேணாம்னு எழுதியிருந்தாலும் வேணும். லைசென்ஸ் வேணாம்னா கொக்கு நாரை சுடலாம்னு அர்த்தம் இல்ல, பறவையைச் சுட்டா அது வேட்டை, பெட்டியில வாங்குன பில்லு காப்பாத்தாது. தனுஷ்கோடிக்குப் பூநாரை வர்ற மாசங்கள்ல கையில ஏர் கன்னோட சுத்துற பயலுகளைப் பாத்தா வயிறு எரியுது.

வச்சிருக்க வேணாம்னு முடிவு பண்ணுனா விக்கலாம், அதுல வெக்கம் ஒண்ணும் இல்ல, கடலுக்கு ஒட்டுன வீட்டுல வயலும் இல்லாம ஆளும் இல்லாம துப்பாக்கி வச்சிருக்கிறதுல பாரம்தான் மிச்சம்னு நான் நெனைக்கிறேன். லைசென்ஸ் இருக்கிறவரு தன் துப்பாக்கியை இன்னொரு லைசென்ஸ்காரருக்கு விக்கணும்னா கலெக்டருக்கோ பக்கத்து ஸ்டேஷனுக்கோ எழுத்துல தெரிவிச்சு 45 நாள் கழிச்சுத்தான் கை மாத்தணும். டீலர் மூலமா போறது இன்னும் சுளுவு.

வச்சிருக்கிறவுக உப்பைக் கவனிக்கணும். தோல் உறைக்குள்ள போட்டு வச்சா நல்லதுன்னு நெனைப்போம், நம்ம ஊருல தோல் ஈரத்தை இழுத்து இரும்பு மேலயே புடிச்சு வச்சிருக்கும், எங்க ஐயாவோடதுல உறை பட்ட எடமெல்லாம்தான் முதல்ல துரு. தேங்காண்ணெ நல்லெண்ணெ போடாதீங்க, பிசுக்காகி தூசியப் புடிக்கும், துப்பாக்கி எண்ணெயே வாங்கி மெல்லிசா, மாசம் ஒரு தடவ, கொண்டல் அடிக்கிற ஐப்பசி கார்த்திகைல வாரம் ஒரு தடவ. இரும்பு பீரோவுல பூட்டி, சாவி ஒருத்தர்கிட்ட, தோட்டா வேற பூட்டுல. பெரியப்பா தோட்டா சாவியை அரைஞாண் கயித்துலயே கட்டிக்கிட்டாக. கல்யாணத்துக்கும் எழவுக்கும் கோயில் திருவிழாவுக்கும் வானத்துல சுடுற பழக்கம் இருக்கே, அதுக்கு இப்ப 2 வருசம் வரைக்கும் ஜெயிலோ 1 லட்சம் வரைக்கும் அபராதமோ ரெண்டுமோ.

தேர்தல் வந்தா ஸ்டேஷன்ல இருந்து ஒப்படைக்கச் சொல்லுவாக, சொன்ன தேதிக்குள்ள குடுத்துருங்க, ரசீதுல அதே மாதிரி நம்பரோட வாங்குங்க, எண்ணெ போட்டுக் குடுங்க, முடிவு வந்ததும் போயி கேட்டு வாங்கிட்டு வந்துருங்க, அங்க கெடந்தா துரு ஏறுறதைக் கேக்க ஆளு இல்ல. காணாமப் போனா, திருடுபோனா, அன்னைக்கே புகார்.

கடைசியா, தோண்டுறப்ப கெடைக்கிறது. 2018-ல தங்கச்சிமடம் அந்தோணியார்புரத்துல ஒரு வீட்டுல கழிவுநீர்த் தொட்டிக்குத் தோண்டுறப்ப பெட்டி பெட்டியா ஆயிரக்கணக்கான பழைய தோட்டாவும் வெடிபொருளும் வந்துச்சு, எண்பதுகள்ல போராளிகள் பொதைச்சதுன்னு சொன்னாக. அந்த வீட்டுக்காரரு உடனே போலீசுக்குச் சொன்னாரு, அதான் சரி. நம்ம தீவுல, கரையில, வீடு கட்டத் தோண்டுற எடத்துல அப்படி எது கண்ணுல பட்டாலும் மம்பட்டியைப் போட்டுட்டுத் தள்ளி நில்லுங்க, பிள்ளைகளை அந்தப் பக்கம் விடாதீங்க, பித்தளை வெலைக்கு ஆகும்னு ஒண்ணுகூட எடுக்காதீங்க, பழைய மருந்து கையில எடுத்ததுமே வெடிக்கலாம். 100-க்குப் போடுங்க, கடலோரம்னா 1093.